பொருந்தாத ஏழு கையெழுத்து

அந்த நவம்பரில் கேல்டர் பள்ளத்தாக்கில் ஓட்டுப் போட்டவர்கள் அறுநூற்றுச் சொச்சம் பேர். அதற்கு முந்தின வருடம், அதிபர் தேர்தலின்போது, ஆயிரத்து நானூறு பேர் போட்டிருந்தோம். ஒற்றைப்படை வருடம் என்றால் அப்படித்தான். ஓட்டுச் சீட்டில் அதிபர் இல்லை, செனட்டர் இல்லை, ஆளுநர்கூட இல்லை. பள்ளிக் குழுவுக்கு இரண்டு பேர், கல்லறைத் தோட்டக் குழுவுக்கு ஒருவர், எல்லாவற்றுக்கும் கீழே ஆம்புலன்ஸ் வரி. தபாலில் வீட்டுக்கே வந்த சீட்டைப் பாதிப் பேர் விதைக்கடை விளம்பரங்களோடு சேர்த்து அடுப்பில் போட்டுவிட்டார்கள்.

எங்களிடம் இருந்தது ஒரே ஒரு ஆம்புலன்ஸ். அதை நான் ஓட்டினேன். மற்ற நேரத்தில் டிராக்டர் பழுது பார்ப்பது என் தொழில். வண்டியின் பின்பக்கம், நோயாளியைப் பார்த்துக்கொள்ளும் வேலை, வெர்னா ஹால்வர்சனுடையது. காலையும் மாலையும் பள்ளிப் பேருந்து ஓட்டுவாள்; நடுவில் பேஜர் அலறினால் எங்கே இருந்தாலும் போட்டது போட்டபடி ஓடி வருவாள். இருபத்திரண்டு வருடமாக இதே கதை. நகரத்து ஆஸ்பத்திரி எழுபத்து நான்கு மைல். பக்கத்து மாவட்டத்து ஆம்புலன்ஸ் எங்கள் ஊருக்கு வந்து சேர நல்ல நாளில் ஐம்பது நிமிடம்.

பழைய வரி காலாவதியாகிவிட்டது. புதிதாக விதிக்க நூற்றுக்கு அறுபது பேர் 'வேண்டும்' என்று சொல்ல வேண்டும். ஆகஸ்டில் ஒரு தடவை தோற்றோம். நவம்பரிலும் தோற்றால் டிசம்பர் முப்பத்தொன்றோடு வண்டி நின்றுவிடும் என்று மாவட்ட ஆணையர்கள் சொல்லிவிட்டார்கள்.

எண்ணி முடித்தபோது 'வேண்டும்' முந்நூற்று அறுபத்தைந்து, 'வேண்டாம்' இருநூற்று நாற்பத்தாறு. அறுபதுக்குக் கால் சதவீதம் குறைச்சல்.

மறுநாள் வெர்னா பேருந்தைப் பள்ளியில் விட்ட கையோடு என் பட்டறைக்கு வந்தாள். கையில் ஒரு காகிதம்.

"ஆர்லன், இன்னும் முடியல. ஏழு ஓட்ட எண்ணாம வெச்சிருக்காங்க."

"ஏன்?"

"உறை மேல இருக்கற கையெழுத்து அவங்ககிட்ட இருக்கற பழைய கையெழுத்தோட ஒத்துப் போகல. ஓட்டுப் போட்டவங்களே ஒரு படிவத்துல மறுபடி கையெழுத்துப் போட்டு அனுப்பினா எண்ணுவாங்க. இருவத்தி நாலாம் தேதி சாயங்காலம் நாலரை வரைக்கும் நேரம் இருக்கு."

"நமக்கு எத்தன வேணும்?"

"நாலு. நாலும் வேணும்னு இருந்தா சரியா அறுபது. நடுவுல ஒரே ஒரு வேண்டாம் வந்தாலும் ஆறு வேணும்."

காகிதத்தில் ஏழு பெயர். நகரத்துக் கல்லூரியில் படிக்கும் பெக்வித் வீட்டு இரட்டையர். லாரி ஓட்டும் கார்வின். உருளைக்கிழங்கு ஆலையில் வேலை பார்க்கும் மரிசெலா ஓச்சோவா. எம்மெட் ஸ்ட்ராண்ட். ஆர்வில் டைஸ். ஏழாவது பெயரைப் பார்த்து நான் நிமிர்ந்தேன். லைல் ஹால்வர்சன். வெர்னாவின் கணவன்.

"மே மாசம் பக்கவாதம் வந்துச்சில்ல, அதுக்கப்புறம் அவன் கையெழுத்தே மாறிப்போச்சு" என்றாள். "அத விடு, அது வீட்டு ஓட்டு. இவனப் பாரு."

ஆர்வில் டைஸின் பெயர்மேல் விரலை வைத்தாள். ஆர்விலின் வேலியில் ஜூலையிலிருந்தே பலகை தொங்கிக்கொண்டிருந்தது: 'புது வரி வேண்டாம்.' அவருக்குக் கை நடுக்கம். அதனால்தான் கையெழுத்து கெட்டிருக்கும்.

"அவர்கிட்ட போக வேண்டாம்" என்றேன்.

"போனாத்தான" என்றாள்.

அடுத்த பதினெட்டு நாள் வெர்னா தூங்கினாளா என்று எனக்குச் சந்தேகம். இரட்டையரைப் பிடிக்க நூற்றுப் பத்து மைல் போனோம். அவர்கள் தங்கியிருந்த விடுதி வாசலில் மூன்று மணி நேரம் காத்திருந்தோம். அண்ணன்காரன் வந்து, "ஆம்புலன்ஸ் ஓட்டா? அத அம்மாதான் போடச் சொன்னாங்க" என்று படிவத்தைச் சுவரில் வைத்துக் கையெழுத்துப் போட்டான். தம்பிக்காரன், "இதுக்காகவா இவ்ளோ தூரம் வந்தீங்க?" என்று சிரித்தான். வெர்னா சிரிக்கவில்லை. கார்வின் மொன்டானாவில் எங்கோ பனியில் மாட்டிக்கொண்டிருந்தான். தினமும் அவனுக்குப் போன் அடித்தாள். ஆறாம் நாள் ஒரு பெட்ரோல் நிலையத்திலிருந்து கையெழுத்தைப் படம் பிடித்து மாவட்ட அலுவலகத்துக்கு அனுப்பினான்.

மரிசெலாவுக்குக் கல்யாணமாகி ஒரு வருடம்தான். புதுப் பெயரில் கையெழுத்துப் போட்டிருந்தாள். அலுவலகத்தில் இருந்தது பிறந்த வீட்டுப் பெயர். ஆலை வாசலில் அவளுடைய பத்து நிமிட ஓய்வு நேரத்துக்காக நின்றோம். தலையில் வலை, நனைந்த ரப்பர் காலணியோடு ஓடி வந்தாள். என் பிக்கப் லாரியின் முகப்பில் படிவத்தை வைத்துக் கையெழுத்துப் போட்டாள்.

"சரியா இருக்கா மேடம்? வேணும்னா இன்னொண்ணும் போட்டுத் தரேன்."

"ஒண்ணு போதும் மா" என்று வெர்னா அவள் ஈரக் கையைப் பிடித்துக்கொண்டாள். விட மனசில்லாமல் மணி அடிக்கும்வரை பிடித்துக்கொண்டிருந்தாள்.

லைலிடம்தான் இழுத்தது. படிவம் சமையலறை மேசையில் உப்புக் குப்பியின் அடியில் கிடந்தது. ஒவ்வொரு தடவை நான் போகும்போதும் அது வெற்றாகவே இருந்தது. லைல் முப்பது வருடம் ஊர் தானியக் கிடங்கைப் பார்த்துக்கொண்டவன். பெரிய உடம்பு, இப்போது அதில் பாதிதான் அவன் சொன்னதைக் கேட்டது. இதயம் அதைவிட மோசம்.

"இன்னும் போடலியா?" என்று வெர்னா கோட்டைக்கூடக் கழற்றாமல் கேட்டாள்.

"போடலாம், என்ன அவசரம். என் ஒரு ஓட்டுல என்ன ஆகப் போகுது?"

"உன் ஒரு ஓட்டா? பதினஞ்சு நாளா நான் என்ன பண்ணிட்டிருக்கேன், கோலி விளையாடறேனா?"

"இன்னிக்குக் கை வரல, வெர்னா."

"கோணலா இருந்தாலும் பரவால்ல. இப்ப எழுதற மாதிரி எழுது, அதான் அவங்களுக்கு வேணும்." பேனாவை அவன் விரல்களுக்கு நடுவில் திணித்து, தன் கையால் மூடிப் பிடித்தாள். பிறகு சட்டென்று கையை எடுத்துவிட்டாள். "நான் பிடிச்சா தப்பு. நீயே போடு."

லைல் என்னைப் பார்த்தான். நான் என்ன செய்ய முடியும்? காப்பிக் கோப்பையைப் பார்த்தேன். அவன் மெதுவாக, ஒவ்வொரு எழுத்தாகத் தன் பெயரை எழுதினான். மை காய்வதற்குள் வெர்னா படிவத்தை எடுத்து மடித்துவிட்டாள்.

ஐந்து ஆயிற்று. ஐந்தும் 'வேண்டும்' என்றால் தாண்டிவிடுவோம். ஆனால் வெர்னாவுக்கு ஐந்து போதவில்லை. இரட்டையரில் அந்தச் சிரித்த பையன்மேல் அவளுக்குச் சந்தேகம். கையில் ஒன்று கூடுதலாக இருந்தாக வேண்டும் என்று சொல்லிக்கொண்டே இருந்தாள். மிச்சம் எம்மெட் ஸ்ட்ராண்ட். அவர் நவம்பர் இரண்டாம் தேதி இறந்துபோயிருந்தார். சீட்டைத் தபாலில் போட்டது அதற்கு ஒன்பது நாள் முன்னால்.

"செத்தவரோட ஓட்டு எப்படி?" என்று கேட்டேன்.

"போடும்போது உயிரோடதான இருந்தாரு. அது செல்லும். உறை மேல கையெழுத்து மட்டும் ஏன் சேரலன்னு அவரு சம்சாரம் ஐவாகிட்ட கேட்போம். பழைய காகிதம் ஏதாவது வெச்சிருப்பாங்க."

கடைசி நாள் திங்கட்கிழமை மதியம் ஐவா ஸ்ட்ராண்ட் வீட்டுக்குப் போனோம். எம்மெட்டின் கண்ணாடி இன்னும் சாப்பாட்டு மேசையிலேயே இருந்தது. ஐவாவுக்கு எண்பத்தொன்று. நாங்கள் கேட்டு முடிப்பதற்குள் சொல்லிவிட்டாள்.

"அத நான்தான் போட்டேன் கண்ணு."

"எத?"

"கையெழுத்த. உள்ள சீட்டுல கட்டத்தையெல்லாம் அவரேதான் கறுப்பாக்கினாரு. உங்க வண்டிக்குத்தான், என் கண்ணால பாத்தேன். அதோட அவருக்குக் கை ஓஞ்சுபோச்சு. 'நீயே போட்டுடு ஐவா'ன்னாரு. நாப்பது வருஷமா பேங்குக்கெல்லாம் நான்தான போட்டுட்டிருக்கேன்."

வெர்னா கண்ணை மூடிக்கொண்டாள். "ஒரு பெருக்கல் குறி போட்டிருந்தாப் போதும் ஐவா. ரெண்டு பேர் சாட்சி. அவ்வளவுதான் சட்டம் கேக்குது."

"எங்களுக்கு யாரு சொன்னா?" கிழவி படிவத்தைத் தன் பக்கம் இழுத்தாள். "இப்ப என்ன, இதுல போடணும், அவ்ளோதான? போன மாசத் தேதி போட்டுடறேன். அவரு ஆசப்பட்டத நான் முடிச்சு வெக்கறேன்."

வெர்னா தடுக்கவில்லை. நானும் தடுக்கவில்லை. அதை இன்று ஒப்புக்கொள்கிறேன். ஐவா நாக்கைக் கடித்துக்கொண்டு, இந்தத் தடவை நிதானமாக, எம்மெட்டின் கையெழுத்தைப் பழைய மாதிரியே அச்சாகப் போட்டாள். வெர்னா படிவத்தைக் கோட்டுப் பைக்குள் வைத்துக்கொண்டாள்.

மாவட்ட அலுவலகம் முப்பத்தொரு மைல். வழியில் ஒரு தடவை மட்டும் வெர்னா, "தப்பா ஆர்லன்?" என்றாள். "அவரு போட நினைச்ச ஓட்டுதான" என்றேன். அது பதில் இல்லை என்று இருவருக்கும் தெரியும்.

நாலேகால் மணிக்கு உள்ளே போனபோது தேர்தல் பிரிவின் கவுன்டர் முன்னால் ஒருவர் முதுகு காட்டி நின்றிருந்தார். ஆர்வில் டைஸ். அலுவலகம் அனுப்பிய கடிதம் பார்த்துத் தானாகவே வந்திருந்தார். வலது கையை இடது கையால் அழுத்திப் பிடித்தபடி கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார். பேனா வழுக்கியது. மறுபடி பிடித்தார். கவுன்டருக்குப் பின்னால் இருந்த அலுவலகப் பெண் நடீன், "நிதானமா போடுங்க, நேரம் இருக்கு" என்றாள். முடிக்க நாலைந்து நிமிடம் ஆனது. எழுதி முடித்துத் திரும்பியவர் எங்களைப் பார்த்தார்.

"என்னைத் தேடி யாரும் வரலியே?" என்றார். "எல்லார் வீட்டுக்கும் போனீங்களாம்."

வெர்னாவின் முகம் சிவந்துவிட்டது. அவர் தொப்பியை எடுத்துக்கொண்டு போய்விட்டார்.

என் தலைக்குள் கணக்கு ஓடியது. முன்பே கொடுத்துவிட்ட ஐந்தும் 'வேண்டும்', ஆர்வில் ஒரு 'வேண்டாம்'. மயிரிழையில் தோற்போம். எம்மெட்டையும் சேர்த்தால் ஜெயிப்போம். அதே கணக்கு வெர்னாவின் தலைக்குள்ளும் ஓடியது. அவள் கை கோட்டுப் பைக்குள் போனது.

"வேற ஏதாவது இருக்கா வெர்னா?" என்றாள் நடீன். சுவர்க் கடிகாரம் நாலு இருபது காட்டியது.

வெர்னா கையை வெளியே எடுத்தாள். கையில் ஒன்றும் இல்லை.

"இல்ல" என்றாள்.

லாரியில் ஏறி உட்கார்ந்ததும் குலுங்கிக் குலுங்கி அழுதாள். "அந்த ஆளு ஒரு பேரை எழுத அவ்ளோ பாடுபட்டான் ஆர்லன். அவனுக்குப் பக்கத்துல நின்னுட்டு, நான் எப்படி... எப்படிக் குடுப்பேன்?" பிறகு மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு, "எழுநூறு வீடு. எழுநூறு வீட்ட விட்டுக் குடுத்துட்டேனே" என்றாள். படிவத்தைச் சுக்குநூறாகக் கிழித்து, குப்பைக்கூடையிலும் போடாமல், கைப்பிடிக்குள்ளேயே ஊர்வரை வைத்திருந்தாள்.

செவ்வாய்க்கிழமை முடிவை ஒட்டினார்கள். ஆறு ஓட்டு சேர்ந்திருந்தது. ஐந்து 'வேண்டும்', ஒன்று 'வேண்டாம்'. முந்நூற்று எழுபதுக்கு இருநூற்று நாற்பத்தேழு. ஒரே ஒரு ஓட்டில் போயிற்று.

யாருடைய 'வேண்டாம்' என்று ஊரில் யாரும் கேட்கவே இல்லை. எல்லோருக்கும் தெரியும் என்று நினைத்தோம். அன்று சாயங்காலமே ஆர்விலின் தபால் பெட்டியை யாரோ லாரியால் இடித்துச் சாய்த்துவிட்டார்கள். மளிகைக் கடையில் அவர் வரிசையில் நின்றபோது பக்கத்தில் நின்றவர்கள் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

புதன்கிழமை மதியம் நான் ஹால்வர்சன் வீட்டில் இருந்தேன். மறுநாள் நன்றி நாள் பண்டிகை. வெர்னா பூசணி 'பை' பலகாரத்துக்குக் கட்டையால் மாவு தேய்த்துக்கொண்டிருந்தாள். அடிப்பதுபோலத் தேய்த்தாள்.

"தபால் பெட்டிதான போச்சு" என்றாள். "அந்த ஆளுக்கு இதுவும் வேணும், இன்னமும் வேணும். ஜனவரில நெஞ்ச பிடிச்சுட்டு விழட்டும், அப்பத் தெரியும். எவன் வருவான்னு பாக்கறேன்."

"அப்படிச் சொல்லாத" என்றான் லைல்.

"ஏன் சொல்லக் கூடாது? உன்னத்தான் முதல்ல கொல்லப் போகுது அவன் போட்ட ஓட்டு!"

"ஆர்வில் போடல."

"நீ கண்டியா?"

"அது நான் போட்டது."

கட்டை நின்றது. வெளியே யாரோ வீட்டு நாய் குரைத்துக்கொண்டே இருந்தது.

"என்ன சொல்ற?" என்றாள் வெர்னா, ரொம்ப மெதுவாக.

லைலுக்குப் பேசும்போது வாயின் ஒரு பக்கம் இழுக்கும். அன்று இன்னும் இழுத்தது. "மே மாசத்துல இருந்து நாலு தடவ என்ன அந்த வண்டில ஏத்தின. நாலு தடவையும் என் கைய நீ பிடிக்கல, நாடியத்தான் பிடிச்ச. கடியாரத்தப் பாத்துட்டே இருந்த. சாகறேனோன்னு பயந்து உன் மூஞ்சியத் தேடறேன், நீ மூக்குல குழாய மாட்டிட்டிருக்க."

"உன்ன உயிரோட வெக்கத்தான்டா!"

"தெரியும். தெரியாமலா? அஞ்சாவது தடவ வந்தா எனக்கு வேண்டாம்னு தோணிச்சு. வண்டி இல்லன்னா உனக்கு வேற வேல இருக்காது, என் பக்கத்துல உக்காருவ. அத நினைச்சுத்தான் அந்தக் கட்டத்தக் கறுப்பாக்கினேன். ஒரு ஓட்டு, அதுல என்ன ஆகும்னு நினைச்சேன். கையெழுத்து சேரலன்னு கடுதாசி வந்தப்ப தப்பிச்சோம்டான்னு இருந்துச்சு. நீதான் பேனாவக் கைல திணிச்ச."

"சொல்லியிருக்கலாமே லைல். ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமே."

"எப்ப? நீ எப்ப வீட்ல இருந்த?"

வெர்னா ஒரு மாவுக் கையை முகத்தில் வைத்துக்கொண்டு, மறு கையால் சுவரைப் பிடித்து நின்றாள்.

பிறகு குழாயைத் திறந்து கையைக் கழுவினாள். "ஆர்லன், உன் லாரில சுத்தியல் இருக்கா?" என்றாள்.

நேரே ஆர்வில் வீட்டுக்குப் போனோம். சாய்ந்த கம்பத்தை நிமிர்த்தி, பெட்டியை ஆணி அடித்து மாட்டினோம். ஆர்வில் வராந்தாவில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். முடியும் தறுவாயில் இறங்கி வந்தார்.

"செப்டம்பர்ல ஏணில இருந்து விழுந்தேன்ல, நீங்கதான தூக்கிட்டுப் போனீங்க" என்றார். "அதுக்கப்புறம் 'வேணும்'னுதான் போட்டேன். பலகையக் கழட்டணும்னு நினைப்பேன், ஏணி ஏற பயம். சொன்னா ஒருத்தனும் நம்பல."

"நான் நம்பறேன்" என்றாள் வெர்னா. அவர் முகத்தைப் பார்க்காமலே சொன்னாள்.

டிசம்பர் முப்பத்தொன்றாம் தேதி காலையில் மாவட்டத்திலிருந்து இரண்டு பேர் வந்து வண்டியை எடுத்துக்கொண்டு போனார்கள். மருந்துப் பெட்டி, ஆக்சிஜன், பேஜர் எல்லாவற்றையும் பட்டியல் போட்டு வாங்கிக்கொண்டார்கள். கொட்டகை வெறிச்சென்று ஆனது.

ஜனவரி ஒன்பதாம் தேதி மரிசெலாவிடமிருந்து வெர்னாவுக்குப் போன். அவள் கணவன் எலிசெயோ ஒரு பண்ணையில் கோதுமையை மேலே ஏற்றும் திருகுக் குழாயில் கையைக் கொடுத்துவிட்டான். பக்கத்து மாவட்டத்து வண்டி பனியில் கிளம்பவே இருபது நிமிடம் ஆகும் என்றார்கள். என் லாரியின் பின்சீட்டில் அவனைப் படுக்க வைத்தோம். வெர்னா தன் இடுப்பு வாரால் மேல்கையை இறுக்கிக் கட்டி, அதன்மேலேயே முழங்காலை ஊன்றி உட்கார்ந்தாள். வலி மருந்து ஒரு சொட்டுக்கூட இல்லை. அவன் கத்தியது இன்னும் என் காதில் இருக்கிறது. ஸ்பானியத்தில் அம்மாவைக் கூப்பிட்டான், கடவுளைக் கூப்பிட்டான், கடைசியில் கத்துவதை நிறுத்திவிட்டான். அதுதான் இன்னும் பயமாக இருந்தது. எழுபத்து நான்கு மைல், சாலையெல்லாம் பனிக்கட்டி. உயிர் பிழைத்தான். வலது கை முழங்கைக்கு மேலேயே போய்விட்டது.

வெர்னா வீட்டுக்குத் திரும்பி லைலிடம் எல்லாவற்றையும் சொன்னாள். அவன் மன்னிப்புக் கேட்க ஆரம்பித்தபோது நிறுத்தினாள்.

"என்கிட்ட கேக்காத. கேக்க வேண்டிய வீடு வேற."

இரண்டு வாரம் கழித்து லைல் எனக்குப் போன் செய்தான். நான் அழைத்துப் போனேன். மரிசெலாவின் வீட்டு வாசலில் மூன்று படி. மூன்றுக்கும் என் தோளைப் பிடித்து ஏறினான். அவள் கதவைத் திறந்ததும் தொப்பியைக் கழற்றினான். சுற்றி வளைக்கவில்லை.

"நவம்பர்ல விழுந்த அந்த ஒரு வேண்டாம் என்னுது. ஆர்விலோடது இல்ல. அத உன்கிட்ட சொல்லணும்னு வந்தேன்."

முதலில் அவளுக்குப் புரியவில்லை. புரிந்ததும் கதவுப் பிடியை இறுக்கிக்கொண்டாள். உள்ளே எலிசெயோ சோபாவில் படுத்திருந்தான். சட்டையின் வெற்றுக் கை ஊக்குக் குத்தி மடித்து வைத்திருந்தது.

"உங்க நெஞ்சு வலி ஊருக்கே தெரியும்" என்றாள். "நான் உங்கள நினைச்சுத்தான் ஐயா வேணும்னு போட்டேன். இவன நினைச்சில்ல. இவனுக்கு முப்பது வயசு, இவனுக்கு என்ன வரப் போகுதுன்னு இருந்தேன்."

லைல் ஏதோ சொல்ல வாயெடுத்தான். "போங்க" என்றாள். சத்தம் போடவில்லை. "தயவுசெஞ்சு போயிடுங்க." கதவு மூடியது.

அந்த வாரமே அவன் ஊர்ப் பத்திரிகைக்கு அந்த ஓட்டைப் பற்றி நாலு வரி எழுதிப் பெயரோடு போடச் சொன்னான். போட்டார்கள். ஆர்விலை விட்டுவிட்டு ஊர் ஹால்வர்சன் வீட்டுப் பக்கம் போவதை நிறுத்தியது. வெர்னாவோடும் பலர் பேசவில்லை. அவள் வழக்கம்போலப் பேருந்து ஓட்டினாள், வழக்கம்போலச் சமைத்தாள், தனி அறையில் படுத்தாள்.

மார்ச் மாதம், ஞாயிறு மதியம், லைலுக்கு ஐந்தாவது தடவை, நெஞ்சு வலி வந்தது. வெர்னா போன் செய்தாள். பக்கத்து மாவட்டத்து வண்டி வர ஐம்பத்து நாலு நிமிடம் ஆனது. ஆக்சிஜன் இல்லை, மருந்து இல்லை, வீட்டில் இருந்த ஒரு ஆஸ்பிரினைக் கொடுத்துவிட்டாள். அதற்குமேல் செய்ய அவளுக்கு ஒன்றும் இருக்கவில்லை. நாற்காலியை இழுத்துப் போட்டு அவன் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். அவன் கேட்டது அதுதானே. ஆனால் அவன் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. கண் ஜன்னலிலேயே இருந்தது.

"வந்துடுச்சா?" என்றான்.

"வந்துட்டிருக்கு."

"இன்னொரு தடவ போன் பண்ணு வெர்னா. பண்ணு, சாக பயமா இருக்கு."

அந்த ஐம்பத்து நாலு நிமிடமும் அவன் கேட்டது அது ஒன்றைத்தான் என்று பிறகு என்னிடம் சொன்னாள். வண்டி வந்தது. நகரத்துக்குப் போகும் வழியில், மலைக் கணவாயைத் தாண்டும்போது இறந்துபோனான்.

அடுத்த நவம்பர் செனட்டர் தேர்தல். ஊரில் ஆயிரத்துக்கு மேல் ஓட்டு விழுந்தது. வரி நூற்றுக்கு எழுபத்தொன்று வாங்கி எளிதாக நிறைவேறியது. யாரும் கையெழுத்துத் தேடி அலைய வேண்டியிருக்கவில்லை. பழைய கொட்டகைக்கு வேறொரு வண்டி வந்தது. வெர்னாவிடம் போய், பழையபடி பின்பக்கம் அவள்தான் பார்த்துக்கொள்ள வேண்டும் என்று கேட்டேன்.

"ஓட்டறேன் ஆர்லன். பின்னாடி மட்டும் ஏறச் சொல்லாத" என்றாள்.

ஐம்பத்தாறு வயதில் நான் பயிற்சிக்குப் போய்ப் பரீட்சை எழுதினேன். இப்போது அவள் ஓட்டுகிறாள். பின்னால் நான் இருக்கிறேன். நோயாளியின் நாடியைப் பார்த்துக்கொண்டே இன்னொரு கையால் அவர் கையையும் பிடித்துக்கொள்ளப் பார்க்கிறேன். சில சமயம் முடிகிறது. பல சமயம் இரண்டு கையும் போதவில்லை.